அடோல்ப் பெக் வழக்கு: கண்கண்ட சாட்சிகள் எல்லோரும் தவறியபோது

'கண்ணால் காண்பதும் பொய், காதால் கேட்பதும் பொய், தீர விசாரிப்பதே மெய்' என்பது நம் முன்னோர் வாக்கு. நீதிமன்ற வாசலைத் தாண்டியதும் இந்த வாக்கு தலைகீழாகிவிடுகிறது. அங்கே கண்கண்ட சாட்சிக்கே முதல் மரியாதை. நீதிமன்றச் செய்திகளை எழுதிவந்த காலத்தில் நான் பலமுறை கவனித்த ஒன்றுண்டு. சாட்சி கையை நீட்டி, 'அதோ நிற்கிறாரே, அவர்தான்' என்று சொல்லும் கணத்தில் மன்றம் முழுவதும் மூச்சடங்கிவிடும். அதன் பின்னர் சட்டத்தரணி எதைச் சொன்னாலும் அது வெறும் வாதத் திறமையாகவே பலருக்குத் தோன்றும். மறுநாள் பத்திரிகைத் தலைப்பிலும் அந்த நீட்டிய விரலே இடம்பிடிக்கும்.

அந்த விரலின் எடை என்ன? பொய் சொல்லும் நோக்கமே இல்லாத ஒருவர், தாம் கண்டதை உண்மையென்று முழுமனதாக நம்பிச் சொல்லும்போதும் தவறிவிட முடியுமா? ஒருவர் அல்ல, பலர் ஒன்றன்பின் ஒன்றாக வந்து ஒரே ஆளைச் சுட்டிக் காட்டினாலும் தவறிவிட முடியுமா? இக்கேள்விகளுக்கு லண்டன் மாநகரில் ஒரு நோர்வே நாட்டவர் தம் வாழ்வையே விலையாகக் கொடுத்து விடை தந்துவிட்டுப் போனார். அவர் பெயர் அடோல்ப் பெக். தமிழ் வாசகர் பலருக்கு இப்பெயர் புதியதாக இருக்கலாம். ஆனால் கொழும்பிலோ யாழ்ப்பாணத்திலோ தண்டனை பெற்ற ஒருவர் மேன்முறையீடு செய்யும்போது, அந்த உரிமையின் பின்னணியில் இம்மனிதரின் கண்ணீரும் இருக்கிறது என்பதை நாம் அறிந்துகொள்ள வேண்டும்.

விக்டோரியா வீதியில் ஒரு மாலை

அடோல்ப் பெக் 1841 இல் நோர்வேயில் பிறந்தவர். இளமையில் இங்கிலாந்துக்கு வந்து எழுதுவினைஞராகப் பணியாற்றினார். பின்னர் தென் அமெரிக்காவுக்குச் சென்று பல தொழில்களைச் செய்தார். அவருடைய தென் அமெரிக்க வாழ்வின் பெரும்பகுதி பெரு நாட்டில் கழிந்தது. 1885 இல் இங்கிலாந்துக்குத் திரும்பியவர், வணிக முயற்சிகளில் பணத்தை இழந்து கடன்பட்டார். கடன்பட்டிருந்தாலும் நன்றாக உடுத்தி, கனவானைப் போன்று நடமாடுவது அவருடைய வழக்கம்.

1895 டிசம்பர் 16 ஆம் திகதி விக்டோரியா வீதியில் ஒரு பெண் அவரை வழிமறித்தார். மொழி கற்பித்து வாழ்ந்துவந்த அப்பெண், சில வாரங்களுக்கு முன் தம்மை ஏமாற்றி மணிக்கூடுகளையும் மோதிரங்களையும் கொண்டுசென்றவர் இவரே என்றார். பெக் திகைத்துப்போய் வீதியைக் கடந்து ஒரு பொலிஸ்காரரிடம் சென்றார். முன்பின் தெரியாத பெண்ணொருவர் தம்மைத் தொந்தரவு செய்கிறார் என்று முறையிட்டார். பின்னால் வந்த பெண்ணும் தமது முறைப்பாட்டைச் சொன்னார். இருவரும் பொலிஸ் நிலையத்துக்கு அழைத்துச் செல்லப்பட்டனர். முறையிடச் சென்ற பெக் அங்கிருந்து சுதந்திர மனிதராக வெளியே வரவில்லை.

அக்காலத்தில் லண்டனில் ஒரு மோசடி தொடர்ச்சியாக நடந்துகொண்டிருந்தது. நன்றாக உடுத்திய நடுத்தர வயது ஆண் ஒருவர், வீதியில் தனியே செல்லும் பெண்ணிடம் யாரோ ஒரு பிரபுவின் மனைவியென்று எண்ணியவர்போலப் பேச்சுக் கொடுப்பார். பின்னர் தம்மைப் பிரபு வம்சத்தவரென்று அறிமுகப்படுத்திக்கொண்டு அவர் வீட்டுக்கு வருவார். தமது மாளிகையில் இடம் தருவதாகச் சொல்லி, வாங்க வேண்டிய உடைகளின் பட்டியலைத் தம் கைப்பட எழுதி, அதற்கென ஒரு காசோலையும் கொடுப்பார். அளவு பார்ப்பதற்கென மோதிரத்தையும், திருத்திக் கொடுப்பதற்கென மணிக்கூட்டையும் வாங்கிச் செல்வார். காசோலை வங்கியில் செல்லாது. ஆளும் திரும்பி வரமாட்டார்.

இவ்வாறு ஏமாற்றப்பட்ட பெண்கள் பலர் பொலிஸ் நிலையத்துக்கு அழைக்கப்பட்டனர். அடையாள அணிவகுப்பு நடந்தது. வீதியில் கிடைத்த ஆண்கள் சிலரைப் பெக்குடன் வரிசையில் நிறுத்தினர். அந்த வரிசையில் நரைத்த தலையும் மீசையும் உடையவர் பெக் ஒருவரே. பெண்கள் தேடிவந்ததோ நரைத்த தலையும் மீசையும் உடைய ஒருவரை. அவர்கள் யாரைச் சுட்டிக் காட்டியிருப்பார்கள் என்பதைச் சொல்லவும் வேண்டுமோ? ஒருவர் பின் ஒருவராக 'இவர்தான்' என்றனர். அவர்களில் எவரும் பொய் சொல்லவில்லை. இந்த வழக்கின் கொடுமையே அதுதான்.

குற்றச்சாட்டைச் சுருக்கியதன் சூட்சுமம்

இவ்விடத்தில் கதைக்குள் இன்னொரு மனிதர் வருகிறார். 1877 இல் இதே லண்டனில், இதே பாணியில், இதே போன்ற பட்டியல்களையும் செல்லாத காசோலைகளையும் எழுதிப் பெண்களை ஏமாற்றிய ஒருவர் பிடிபட்டிருந்தார். ஜோன் ஸ்மித் என்ற பெயரில் அவருக்கு ஐந்து ஆண்டுச் சிறை விதிக்கப்பட்டது. பெக் கைதான செய்தி பரவியதும், ஸ்மித்தை அன்று கைதுசெய்த பொலிஸ்காரர் முன்வந்தார். 18 ஆண்டுகளுக்கு மேல் கடந்திருந்தும், கூண்டில் நிற்பவர் தாம் கைதுசெய்த ஸ்மித்தே என்பதில் ஐயமில்லை என்று நீதவான் முன் சத்தியம் செய்தார். கையெழுத்து நிபுணரான தோமஸ் கரின் என்பவரோ, 1877 இன் பட்டியல்களையும் 1895 இன் பட்டியல்களையும் எழுதியது ஒரே கை என்றும், அது பெக்கின் கை என்றும் கருத்துரைத்தார்.

இங்குதான் எதிர்த்தரப்புக்கு வழி பிறந்தது. 1877 இல் பெக் பெரு நாட்டில் இருந்தார். அதைச் சொல்லக்கூடிய கண்ணியமான மனிதர்கள் இருந்தனர். பழைய பட்டியலையும் புதிய பட்டியலையும் எழுதியவர் ஒருவரே என்று வழக்குத் தொடுநரின் நிபுணரே கூறுகிறார். பழையதை எழுதியவர் பெக்காக இருக்க முடியாது. ஆகவே புதியதை எழுதியவரும் பெக் அல்ல. சிறு பிள்ளைக்கும் விளங்கக்கூடிய தர்க்கம் இது.

பெக் மீது பத்துச் சிறுகுற்றங்களும் நான்கு பெருங்குற்றங்களும் சுமத்தப்பட்டிருந்தன. பெருங்குற்றச்சாட்டுகள் அவர் முன்னர் தண்டனை பெற்ற ஸ்மித் என்ற அடிப்படையில் எழுந்தவை. 1896 மார்ச்சில் ஓல்ட் பெய்லி நீதிமன்றத்தில் விளக்கம் தொடங்கியபோது, வழக்குத் தொடுநர் தரப்பில் தோன்றிய ஹோரஸ் ஏவரி சிறுகுற்றங்களை மாத்திரமே முன்னெடுத்தார். பெருங்குற்றச்சாட்டுகளை ஒதுக்கி வைத்தார். மேலோட்டமாகப் பார்த்தால் அது பெக்குக்குச் செய்யப்பட்ட சலுகை போலத் தோன்றும். ஆனால் அதன் விளைவு வேறாயிற்று. 1877 இன் ஸ்மித் இப்போது வழக்கிலேயே இல்லை. அவரைக் கைதுசெய்த பொலிஸ்காரரும் சாட்சிக்கு அழைக்கப்படவில்லை.

பெக்கின் சட்டத்தரணி சார்ள்ஸ் கில், பழைய பட்டியல்களைப் பற்றிக் கையெழுத்து நிபுணரிடம் குறுக்கு விசாரணை செய்ய முயன்றார். ஏவரி ஆட்சேபித்தார். நீதிபதியாக அமர்ந்திருந்த சேர் ஃபொரஸ்ட் புல்டன், அது இவ்வழக்குக்குப் புறம்பான விடயம் என்றும், யூரர்களைக் குழப்பிவிடும் என்றும் கூறி அக்கேள்வியை அனுமதிக்க மறுத்தார். இதே புல்டன் 1877 இல் ஸ்மித்துக்கு எதிராக வழக்கை நடத்திய சட்டத்தரணி என்பது விதியின் விளையாட்டு என்றே சொல்ல வேண்டும்.

ஒருவர் முன்னர் தண்டனை பெற்றவர் என்பதை, தீர்ப்புக்கு முன் யூரர்களின் காதில் போடக்கூடாது என்பது நல்ல விதி. குற்றஞ்சாட்டப்பட்டவரைக் காப்பதற்காக எழுந்த விதி அது. பெக்கின் வழக்கிலோ அந்த வேலியே பயிரை மேய்ந்தது. தாம் அந்தப் பழைய குற்றவாளி அல்ல என்று நிரூபிக்கும் வாய்ப்பையே அது அவரிடமிருந்து பறித்துக்கொண்டது.

சிலப்பதிகாரத்தை அறிந்த நமக்கு இது புதிய கதையன்று. பொற்கொல்லன் சொல்லைக் கேட்டு, ஒத்த தோற்றமுடைய ஒரு சிலம்பைக் கண்டு, கோவலனின் உயிரைப் பறித்தான் பாண்டியன். சிலம்பை உடைத்துப் பார்த்த பின்னரே உள்ளே இருப்பது முத்து அல்ல, மாணிக்கம் என்று தெரிந்தது. ஓல்ட் பெய்லியிலும் உடைத்துப் பார்க்க ஒரு சிலம்பு இருந்தது. அது அந்தப் பழைய கையெழுத்து. அதை உடைக்க மன்றம் இடம் தரவில்லை.

எஞ்சியவை கண்கள் மாத்திரமே. பெண்கள் சாட்சிக் கூண்டில் ஏறி ஒவ்வொருவராகப் பெக்கைச் சுட்டிக் காட்டினர். யூரர்கள் அவரைக் குற்றவாளியென்றனர். ஏழு ஆண்டுக் கடூழியச் சிறை விதிக்கப்பட்டது.

அதன் பின்னர் நடந்ததுதான் பெரிய அநியாயம். நீதிமன்றத்தில் 'புறம்பான விடயம்' என்று ஒதுக்கப்பட்ட 1877 ஆம் ஆண்டுத் தண்டனை, சிறை வாசலில் மீண்டும் வந்து ஒட்டிக்கொண்டது. ஸ்மித்தின் பழைய கைதி இலக்கமே, மறுபடி தண்டனை பெற்றவர் என்பதைக் குறிக்கும் எழுத்தொன்று சேர்க்கப்பட்டுப் பெக்குக்கு வழங்கப்பட்டது. மறுத்துரைக்க வாய்ப்பளிக்கப்படாத குற்றத்துக்கும் அவர் சொந்தக்காரராக்கப்பட்டார்.

கோவையில் கிடந்த உண்மை

அன்றைய இங்கிலாந்தில் குற்றவியல் மேன்முறையீட்டு நீதிமன்றம் கிடையாது. யூரர்களின் தீர்ப்பே இறுதி. உள்துறை அமைச்சருக்கு மனு எழுதுவது ஒன்றே வழி. பெக் சார்பில் பத்துத் தடவை மனு அனுப்பப்பட்டது. 1898 இல் உள்துறை அமைச்சின் உத்தியோகத்தர் ஒருவர் ஸ்மித்தின் பழைய சிறைக் கோவையைப் புரட்டினார். ஸ்மித் யூதர், விருத்தசேதனம் செய்யப்பட்டவர் என்று அதில் குறிக்கப்பட்டிருந்தது. பெக்கைப் பரிசோதித்தபோது அவர் அவ்வாறானவர் அல்லர் என்பது தெளிவாயிற்று. ஸ்மித்தும் பெக்கும் ஒருவர் அல்லர் என்பதற்கு இதைவிட உறுதியான சான்று வேறென்ன வேண்டும்?

ஸ்மித் வேறு, பெக் வேறு என்றால், இரண்டு கையெழுத்தும் ஒன்றே என்ற நிபுணர் கருத்தின்படி பெக் நிரபராதி ஆகிறார். அமைச்சு என்ன செய்தது? நீதிபதி புல்டனின் அபிப்பிராயத்தைக் கேட்டது. 1896 ஆம் ஆண்டுத் தீர்ப்பைக் கைவிட அவர் முன்வரவில்லை. பெக்கின் ஆவணத்திலிருந்து பழைய தண்டனை பற்றிய குறிப்பு மட்டும் நீக்கப்பட்டது. தண்டனை அப்படியே இருந்தது. உண்மை கோவைக்குள் கிடக்க, மனிதர் சிறைக்குள் கிடந்தார். 1901 ஜூலையில்தான் நிபந்தனையின் பேரில் அவர் விடுவிக்கப்பட்டார்.

அத்துடன் கதை முடிந்திருந்தால், ஒரு வழக்கின் துரதிர்ஷ்டம் என்று சொல்லிக் கடந்துபோயிருப்பார்கள். 1904 மார்ச்சில் மற்றொரு பெண் இதே பாணி மோசடி குறித்து முறைப்பாடு செய்தார். பொலிஸாரின் எண்ணம் நேராகப் பெக்கிடம் சென்றது. அவர் வழமையாக உணவருந்தும் உணவகத்துக்கு அப்பெண்ணை அனுப்பிப் பார்த்தனர். அவரால் பெக்கை அடையாளங்காண முடியவில்லை. ஆயினும் ஏப்ரல் 15 ஆம் திகதி பெக் வீட்டிலிருந்து வெளியே வரும் வேளையில் அதே பெண் அவரை எதிர்கொண்டு, 'இவர்தான்' என்றார். ஒருமுறை நெருப்பில் விழுந்தவரல்லவா? பெக் பதறி ஓட முற்பட்டார். அந்த ஓட்டமும் அவருக்கு எதிரான சான்றாயிற்று. ஐந்து பெண்கள் அவரை அடையாளங்காட்டினர். ஜூன் 27 ஆம் திகதி ஓல்ட் பெய்லியில் மீண்டும் 'குற்றவாளி' என்ற தீர்ப்பு.

இம்முறை நீதிபதி கிரந்தம் மனச்சாட்சியின் உறுத்தலால் தண்டனையை உடனே விதிக்காமல் ஒத்திவைத்தார். அந்தச் சில நாட்களே பெக்கைக் காத்தன. ஜூலை 7 ஆம் திகதி, பெண்களிடம் ஏமாற்றிப் பெற்ற மோதிரங்களை அடகு வைக்க முயன்ற ஒருவர் பிடிபட்டார். பெக்கின் வழக்கை அறிந்திருந்த பொலிஸ் பரிசோதகர் கேன் என்பவர், வேறு அலுவலாக அந்தப் பொலிஸ் நிலையத்துக்குச் சென்றபோது இக்கைது பற்றிக் கேள்விப்பட்டார். பெக் விளக்கமறியலில் இருக்கையில் அதே மோசடியைச் செய்தவர் யார்? விசாரித்தபோது, வில்லியம் தோமஸ் என்று பெயர் சொன்ன அந்த ஆளே 1877 இன் ஜோன் ஸ்மித் என்பது வெளிவந்தது. பெக்கைக் கைகாட்டிய பெண்கள், உண்மையான ஆளை நேரில் கண்டதும் தமது தவறை உணர்ந்தனர். கையெழுத்து நிபுணரும் தம் கருத்தைத் திரும்பப் பெற்றார். தோமஸ் குற்றத்தை ஒப்புக்கொண்டு ஐந்து ஆண்டுச் சிறை பெற்றார்.

ஜூலை மாத இறுதியில் பெக்குக்கு மன்னரின் மன்னிப்பு வழங்கப்பட்டது. செய்யாத குற்றத்துக்கு மன்னிப்பு! நட்டஈடாக முதலில் 2,000 பவுண் தர முன்வந்தனர். 'டெய்லி மெயில்' பத்திரிகையில் ஜோர்ஜ் சிம்ஸ் என்ற எழுத்தாளர் இந்த அநீதியை விடாது எழுதி மக்கள் மன்றத்தின் முன் வைத்தார். எதிர்ப்பு வலுத்ததும் தொகை 5,000 பவுணாக உயர்ந்தது. பத்திரிகைத் தொழிலில் இருப்பவன் என்ற வகையில் இவ்விடத்தில் எனக்கு ஒரு சிறு பெருமிதம் உண்டு. நீதிமன்றமும் அமைச்சும் மூடிய கதவைத் திறக்கப் பேனாவும் துணைநின்றது.

ஒரு மனிதர் விட்டுச்சென்ற நீதிமன்றம்

விசாரணைக்காக ஒரு குழு அமைக்கப்பட்டது. சேர் ரிச்சர்ட் ஹென் கொலின்ஸ் தலைமை வகித்தார். இந்தியாவின் அலகாபாத் நீதிமன்றத்தில் பிரதம நீதியரசராக இருந்த சேர் ஜோன் எட்ஜும் அதில் ஓர் உறுப்பினர். 1877 பற்றிய சான்றுகளை மறைத்த முடிவே அநீதிக்கு வழிவகுத்தது என்று குழு கண்டது. உள்துறை அமைச்சின் மெத்தனத்தையும் கண்டித்தது. எவ்வளவு நேர்மையாகச் சொல்லப்பட்டாலும், ஆளைப் பார்த்த மனப்பதிவை மட்டும் நம்பிய அடையாளச் சாட்சியமே சாட்சியங்களில் மிகப் பலவீனமானது என்பது அதன் முடிபு.

அதே காலத்தில் ஜோர்ஜ் எடல்ஜி என்ற சட்டத்தரணியின் வழக்கும் இங்கிலாந்தை உலுக்கிற்று. இந்தியப் பார்சி வம்சாவளித் தந்தைக்குப் பிறந்த அவர், 1903 இல் கால்நடைகளைக் காயப்படுத்தியதாகப் பொய்யாகத் தண்டிக்கப்பட்டவர். ஷெர்லொக் ஹோம்ஸைப் படைத்த ஆதர் கொனன் டொயில் அவருக்காகப் போராடினார். இவ்விரு வழக்குகளும் எழுப்பிய கொந்தளிப்பின் பயனாக, 1907 இல் இங்கிலாந்தில் குற்றவியல் மேன்முறையீட்டு நீதிமன்றம் சட்டத்தால் நிறுவப்பட்டது.

அந்த வெளிச்சம் இலங்கைக்கு வர மேலும் 31 ஆண்டுகள் சென்றன. 1938 ஆம் ஆண்டின் 23 ஆம் இலக்கக் கட்டளைச் சட்டத்தின் மூலம், ஆங்கிலச் சட்டத்தை அடியொற்றி இலங்கையில் குற்றவியல் மேன்முறையீட்டு நீதிமன்றம் அமைக்கப்பட்டது. பிற்காலத்தில் அதன் பெயரும் அமைப்பும் மாறின. ஆனால் யூரர்களும் நீதிபதியும் தவறக்கூடும், அத்தவறைத் திருத்த ஒரு மன்றம் வேண்டும் என்ற எண்ணம் நிலைத்தது.

எண்ணிக்கையும் எடையும்

பெக் தந்த பாடத்தை இங்கிலாந்து முழுமையாகக் கற்றுக்கொண்டதா? இல்லை. 1969 இல் பிரிஸ்டல் நகரில் நாணயத் திருட்டு, பொலிஸார் மீதான துப்பாக்கிப் பிரயோகம் ஆகியவற்றுக்காக ஒருவர் தண்டிக்கப்பட்டார். எட்டுச் சாட்சிகள் அவரை அடையாளங்காட்டினர். அம்முகம் தம் மூளையில் பதிந்துவிட்டது என்று ஒரு பொலிஸ் உத்தியோகத்தர் உறுதியாகச் சொன்னார். உண்மைக் குற்றவாளி வேறொருவர். 1972 இல் சண்டர்லன்ட் நகரில் கடைத் திருட்டுக்காகத் தண்டிக்கப்பட்ட மற்றொருவர், திருட்டு நடந்த வேளையில் பலருடன் பேருந்துச் சுற்றுலாவில் இருந்தவர். இவ்விரு வழக்குகளை அடுத்து டெவ்லின் பிரபு தலைமையிலான குழு 1976 இல் அறிக்கை வெளியிட்டது. விதிவிலக்கான சந்தர்ப்பங்களில் அன்றி, அடையாளச் சாட்சியத்தை மட்டும் நம்பித் தண்டிக்கக்கூடாது என்று அது பரிந்துரைத்தது.

அதே ஆண்டில் ஆங்கில மேன்முறையீட்டு நீதிமன்றம் டர்ன்புல் வழக்கில் தனது வழிகாட்டலைத் தந்தது. சாட்சி எவ்வளவு நேரம் பார்த்தார்? எவ்வளவு தூரத்தில் இருந்து? வெளிச்சம் எப்படி இருந்தது? பார்வையை எதுவும் மறைத்ததா? ஆளை முன்னரே தெரியுமா? பார்த்ததற்கும் பொலிஸார் முன் அடையாளங்காட்டியதற்கும் இடையே எவ்வளவு காலம் சென்றது? முதலில் சொன்ன அங்க அடையாளத்துக்கும் நேரில் நிற்பவருக்கும் வேறுபாடு உண்டா? இவற்றையெல்லாம் எடைபோட வேண்டும். நேர்மையான சாட்சியும் தவறலாம், பல சாட்சிகள் ஒருங்கே தவறலாம் என்று யூரர்களை எச்சரிக்க வேண்டும். அடையாளச் சாட்சியம் பலவீனமாக இருந்து, அதைத் தாங்கும் வேறு சான்றும் இல்லாவிடின், நீதிபதி வழக்கை அங்கேயே நிறுத்தி விடுவிக்க வேண்டும். இலங்கை நீதிமன்றங்களும் இந்த வழிகாட்டலை எடுத்தாண்டு வருகின்றன.

நமது சான்றுக் கட்டளைச் சட்டம், பெக் கைதான அதே 1895 ஆம் ஆண்டில் இயற்றப்பட்டது. எந்த நிகழ்வையும் நிரூபிக்க இத்தனை சாட்சிகள் வேண்டுமென்ற கட்டாயம் இல்லை என்கிறது அதன் 134 ஆம் பிரிவு. சாட்சிகளை எண்ணக் கூடாது, எடைபோட வேண்டும் என்று நமது நீதிமன்றங்கள் சொல்லி வருவதன் அடிப்படை இதுதான். ஒரு சாட்சி போதும் என்பதற்காகப் பலரும் இப்பிரிவை எடுத்துக் காட்டுவர். அதன் மறுபக்கம் பெக்கின் வழக்கில் இருக்கிறது. ஒரு நல்ல சாட்சி போதுமென்றால், பத்துப் பலவீனமான சாட்சிகள் போதாமலும் போகலாம்.

இலங்கையில் அடையாள அணிவகுப்பு நீதவானின் முன்னிலையில் நடைபெறுகிறது. 1979 ஆம் ஆண்டின் குற்றவியல் நடவடிக்கைமுறைச் சட்டக்கோவையின் 124 ஆம் பிரிவு அதற்கு இடமளிக்கிறது. சந்தேகநபர் முகத்தை மேற்சட்டையால் மூடியபடி நீதிமன்றத்துக்கு அழைத்து வரப்படுவதைப் பலரும் கண்டிருப்பர். வெட்கத்தால் மூடுகிறார் என்று எண்ண வேண்டாம். அணிவகுப்புக்கு முன் சாட்சி அவரைக் கண்டுவிட்டால், பின்னர் காட்டப்படும் அடையாளம் குற்றம் நடந்த இடத்தின் நினைவா, நேற்றுக் கண்ட முகத்தின் நினைவா என்று பிரிக்க முடியாது. அதனால்தான் அந்த மறைப்பு.

இது தெரிந்திருந்தும், சந்தேகநபரின் படத்தைப் போட்டிபோட்டு முன்பக்கத்தில் அச்சிடும் பழக்கம் எமது தொழிலில் இருக்கிறது. இன்று அதற்குப் பத்திரிகையும் வேண்டியதில்லை. கையடக்கத் தொலைபேசியில் எடுத்த படம் ஒரு மணித்தியாலத்துக்குள் ஊர் முழுவதும் பரவிவிடுகிறது. அதன் பின் நடத்தும் அணிவகுப்பில் சாட்சி அடையாளங்காண்பது அந்தப் படத்தைத்தான். இதனால் நிரபராதி சிக்கவும் கூடும். உண்மைக் குற்றவாளி இதையே காரணங்காட்டித் தப்பவும் கூடும். இரண்டுமே பாதிக்கப்பட்டவருக்குச் செய்யும் துரோகம்.

அணிவகுப்பே இல்லாமல், நீதிமன்றத்தில் முதன்முறையாக ஆளைக் காட்டுவது இன்னும் பலவீனமானது. தமிழில் அந்த இடத்துக்கு நாம் வைத்திருக்கும் பெயரைப் பாருங்கள்: குற்றவாளிக் கூண்டு. தீர்ப்புக்கு முன்பே அங்கு நிற்பவர் குற்றவாளியாகிவிடுகிறார். அதற்குள் தனியே நிற்கும் ஒருவரைச் சுட்டிக் காட்டுவதற்கு நினைவாற்றல் எதற்கு?

சாக்குக்குள் இருந்த கண்கள்

அடையாளம் என்ற சொல் எங்கள் மக்களுக்கு ஏட்டுச் சட்டம் மாத்திரமல்ல. போர்க்காலத்தில் வடக்கு கிழக்கில் வாழ்ந்தவர் எவரும் 'தலையாட்டி' என்ற சொல்லை மறக்கமாட்டார். சுற்றிவளைப்பில் பிடிக்கப்பட்டவர்கள் வரிசையாக நடத்தப்படுவர். முகத்தை மூடி, கண்களுக்கு மட்டும் துளையிட்ட ஓர் உருவம் முன்னால் அமர்ந்திருக்கும். அது தலையை அசைத்தால் ஒருவரின் வாழ்வு திசைமாறும். 1980களின் இறுதியில் தெற்கிலும் சிங்கள இளைஞர்கள் இதையே அனுபவித்தனர். அங்கே அவ்வுருவத்துக்குக் 'கோணி பில்லா' என்று பெயர். 1990 செப்டம்பர் 5 ஆம் திகதி வந்தாறுமூலைக் கிழக்குப் பல்கலைக்கழக வளாகத்தில் தஞ்சமடைந்திருந்த மக்களும் இவ்வாறே முகமூடிகளின் முன் நடத்தப்பட்டனர். அன்று கொண்டுசெல்லப்பட்ட 158 பேர் வீடு திரும்பவில்லை.

அவர்களுக்குக் குற்றப்பத்திரம் இருக்கவில்லை. எந்த நாளில், எந்த இடத்தில், எவருக்கு எதிராக என்ன செய்தார்கள் என்று எவரும் சொல்லவில்லை. தலையசைத்தவரின் பெயரும் தெரியாது. அவர் அச்சத்தால் அசைத்தாரா, பகையால் அசைத்தாரா, தம் உயிரைக் காக்க அசைத்தாரா என்று கேட்க ஒரு சட்டத்தரணியும் இருக்கவில்லை. பெக்குக்கு நேர்ந்தது நீதிமன்றத்தின் தவறு. இவர்களுக்கு நேர்ந்தது நீதிமன்றமே இல்லாத தவறு. ஆனாலும் இரண்டுக்கும் வேர் ஒன்றே. பார்த்தவர் சொன்னால் போதும், சொன்னதைச் சோதிக்கத் தேவையில்லை என்ற மனப்பாங்கே அந்த வேர்.

ஆகவேதான், குற்றஞ்சாட்டப்பட்டவருக்காக எழுந்து 'இந்தக் குற்றச்சாட்டு போதாது, இந்த அடையாளம் போதாது' என்று வாதிடும் சட்டத்தரணியை, குற்றவாளிக்குத் துணைபோகிறவர் என்று தூற்றும் வழக்கத்தை நான் ஏற்பதில்லை. குற்றப்பத்திரத்தில் காலம், இடம், ஆள் ஆகியவை தெளிவாகக் குறிக்கப்பட வேண்டும் என்று நமது சட்டக்கோவையின் 165 ஆம் பிரிவு கேட்பது வெறும் சம்பிரதாயமன்று. எங்கே, எப்போது என்று தெரிந்தால்தானே, 'அப்போது நான் அங்கே இல்லை' என்று ஒரு மனிதர் சொல்ல முடியும்? பெக் அதைச் சொல்லத்தான் முயன்றார். வழக்குத் தொடுநர் ஆண்டைக் குற்றப்பத்திரத்திலிருந்து எடுத்துவிட்டதும், அவருடைய பெரு நாட்டுப் பதில் கேள்வியில்லாத பதிலாகி அந்தரத்தில் நின்றுவிட்டது.

அடோல்ப் பெக் 1909 டிசம்பரில் லண்டன் மருத்துவமனை ஒன்றில் காலமானார். நட்டஈட்டுப் பணம் அவர் கையில் நிலைக்கவில்லை. சிறையில் போன ஆண்டுகளும் திரும்பவில்லை. அவரைச் சுட்டிக் காட்டிய பெண்களோ மோசடியால் உடைமை இழந்தவர்கள், நீதி கேட்டு வந்தவர்கள். அவர்களையும் அந்த வழக்கு ஏமாற்றிவிட்டது. அவர்களை வஞ்சித்த உண்மையான ஆள் அத்தனை ஆண்டுகளும் வெளியே உலாவிக்கொண்டிருந்தான். நிரபராதி ஒருவர் உள்ளே போகும்போது, குற்றவாளி ஒருவன் வெளியே நிற்கிறான் என்பதை மறந்துவிடக் கூடாது. சாட்சியைச் சோதிக்கும் கடினமான கேள்விகள் குற்றஞ்சாட்டப்பட்டவரை மட்டும் காப்பதில்லை. முறைப்பாடு செய்தவருக்கு உரிய நீதி தவறான வாசலில் போய் நின்றுவிடாமலும் அவை காக்கின்றன.